அடுத்த வாய்தா எப்போது?

அப்பாவும் அம்மாவும் சேர்ந்து அண்ணன்கள் இருவர் மேலும் ஜீவனாம்சக் கேஸ் போட்டிருப்பதாகத் திருப்பூருக்குச் சேதி வந்தபோது, பனியன் கம்பெனியில் எனக்கு வேலையே ஓடவில்லை. பணம் கட்டாவிட்டால் ஜெயிலில் போட்டுவிடுவார்களாம் என்று பக்கத்து மெஷின்காரி வேறு சொன்னாள். சூப்பர்வைசரிடம் காய்ச்சல் என்று பொய் சொல்லிவிட்டு ஒட்டன்சத்திரத்துக்கு பஸ் ஏறினேன்.

சின்ன அண்ணன் மணியன் அங்கே காய்கறி மண்டியில் வேலை பார்த்தான். அம்மா அவனோடு இருந்தாள். கொடைக்கானல் மலையில் எங்கள் ஊரான கூக்காலில் பூண்டுக் காட்டைப் பங்கு வைத்த அன்றே பெற்றவர்களையும் பங்கு வைத்துவிட்டார்கள். அப்பா பெரிய அண்ணன் ஆண்டிச்சாமிக்கு, அம்மா மணியனுக்கு. எங்கள் பக்கம் அது வழக்கம்தான். யாரும் தப்பாக நினைப்பதில்லை. அதன் பிறகு அவர்கள் இருவரும் பார்த்துக்கொண்டது யார் வீட்டிலாவது கல்யாணம், சாவு என்று வந்தால்தான். அப்படி ஒரு கல்யாண வீட்டில்தான் அப்பா கேஸ் பேப்பரில் அம்மாவிடம் கைநாட்டு வாங்கியிருக்கிறார்.

வாய்தா அன்று வத்தலக்குண்டில் பஸ் மாறி மலை ஏறினோம். அம்மாவுக்கு ஜன்னல் சீட்டைப் பிடித்துக் கொடுத்தது மணியன்தான்.

“எம்மேல கேஸைப் போட்டுட்டு டிக்கெட்டும் என்னையவே எடுக்கச் சொல்லுது பாரு,” என்றான் என்னிடம்.

“பின்ன, கண்டக்டரா எடுப்பாரு?” என்றாள் அம்மா. தலைக்கு எண்ணெய் வைத்துப் பூ வைத்திருந்தாள். மடியில் தூக்குவாளி. கோர்ட்டுக்குப் போகிற முகமாகவே இல்லை.

அப்பா கூக்கால் பஸ்ஸில் பெரிய அண்ணனோடு வெள்ளனே வந்து, கொடைக்கானல் கோர்ட் வராந்தா பெஞ்சில் துண்டை விரித்து இடம் பிடித்து வைத்திருந்தார். அம்மா நேராகப் போய் அந்தத் துண்டில் உட்கார்ந்தாள். அவர் ஸ்வெட்டர் பையிலிருந்து ப்ளம்ஸ் பழங்களை எடுத்து நீட்டினார்.

“ஏ புள்ள, ஏன் இப்பிடி எளைச்சுப் போயிட்ட?”

“கீழ வெயிலு. நீங்க குல்லா போடாமத் திரியிறீங்களா? காதெல்லாம் வெடிச்சுக் கெடக்கு.”

தூக்குவாளி மூடியில் புளிச்சோற்றைப் போட்டு இருவரும் மாறி மாறிச் சாப்பிட்டார்கள். போன வாய்தாவுக்கும் இப்படித்தானாம். அண்ணன்கள் எதிரே தூணில் சாய்ந்து பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

வக்கீல் வந்து அம்மாவிடம் குனிந்தார். “மகனுங்க கவனிக்கலைன்னு சொன்னாத்தான் கேஸ் நிக்கும். மாத்திச் சொல்லிறாதீங்க, தள்ளுபடி ஆயிரும்.”

அம்மா பலமாகத் தலையாட்டினாள்.

உள்ளே மாஜிஸ்ட்ரேட் கேட்டார்: “மகன் சோறு போடுறாராம்மா?”

அம்மா வக்கீலைப் பார்த்தாள். மணியனைப் பார்த்தாள். “போடுறான் சாமி. கறி எடுத்தா மொதல்ல எனக்குத்தான் வைப்பான்.”

வக்கீல் நெற்றியைப் பிடித்துக்கொண்டார்.

“உங்களுக்குப் பெரியவரே?”

“கொறை இல்லீங்கய்யா. போன மாசம் கம்பளி வாங்கிக் குடுத்தான்.”

“அப்புறம் எதுக்குக் கேஸ் போட்டீங்க?”

“ஒரு எடத்துல இருக்கணும்ங்கய்யா,” என்றார் அப்பா. “இவன்ட்டக் கேட்டா, அம்மா தம்பி பங்குங்கிறான். அவன்ட்டக் கேட்டா, நீங்க அண்ணன் பங்குங்கிறான். பெத்தவங்களும் ஜீவனாம்சம் கேக்கலாம்னு சட்டம் வந்துருக்குன்னாங்க. அதைப் பணமாக் குடுத்தா நாங்க ஒரே வீட்டுல பொங்கிக்குவோம்.”

“கவனிக்கிற மகனுங்க மேல அந்தச் சட்டத்துல நான் உத்தரவு போட முடியாதே.”

அதுவரை அண்ணன்கள் ஜெயிலுக்குப் போவார்களே என்று பயந்துகொண்டிருந்த எனக்கு, இப்போது வேறு பயம் வந்தது. கேஸ் போனால் அந்த வராந்தாப் பெஞ்சும் போய்விடும்.

மாஜிஸ்ட்ரேட் அண்ணன்கள் பக்கம் திரும்பினார். “நீங்களா சம்மதிச்சா ராஜி எழுதிக்கலாம். என்ன சொல்றீங்க?”

பெரிய அண்ணன் காதைச் சொறிந்தார். “பூண்டு காயப்போடுற வீடு சும்மாத்தான் கெடக்கு. ஓடு மாத்தணும்.”

“ஓட்டுக்கு நான் குடுக்குறேன்,” என்றான் மணியன். “மாசச் செலவு பாதிப் பாதி.”

“ஏலே, வெறகு எங்காட்டு வெறகு. அதையும் சேர்த்துத்தான் பாதி.”

“அரிசி பருப்பு யாரு அனுப்புறதாம்? சும்மா வருதா?”

“அதை வெளியில போய்ச் சண்டை போட்டுக்கங்க,” என்று சிரித்துவிட்டார் மாஜிஸ்ட்ரேட். வக்கீல் வெரசாக எழுதி எல்லோரிடமும் கையெழுத்து வாங்கினார்.

அப்பா கைகூப்பினார். “அடுத்த வாய்தா எப்பங்கய்யா?”

“கேஸ் முடிஞ்சுருச்சு. இனி வாய்தா கெடையாது.”

அப்பா பதறிப்போய் அம்மாவைப் பார்த்தார்.

“அட, வாங்க. இனி அது எதுக்கு?” என்று அம்மா அவர் கையைப் பிடித்து வெளியே இழுத்தாள்.

கூக்கால் பஸ் நின்றுகொண்டிருந்தது. அதை விட்டால் அன்றைக்கு வேறு பஸ் கிடையாது. அம்மா தூக்குவாளியோடு ஏறப் போனாள்.

“அம்மா, ஒன் துணிமணியெல்லாம் எங்க வீட்டுல கெடக்கு,” என்றான் மணியன். “ஓடு மாத்துனப்புறம் போகலாம்ல?”

“மேல வர்ற லாரில ஏத்தி விடுலே. பூப்போடாத அந்தப் பச்சைச் சேலையை மறந்துறாத.”

“ஒழுகுமே!”

“ஒழுகாத மூலையில படுத்துக்குறோம்.”

மழை பிடித்தது. அப்பா ஜன்னல் தட்டியை இறக்கப் போராடினார். “இதுகூட இறக்கத் தெரியலை, இத்தனை நாளா இந்த பஸ்ல என்னதான் வந்தீங்க?” என்று அம்மா திட்டுவது வெளியே கேட்டது. அவர்களோடு ஏறியிருந்த பெரிய அண்ணன் எழுந்து போய்த் தட்டியை இறக்கிவிட்டார்.

பஸ் கிளம்பியது. சூப்பர்வைசரிடம் காய்ச்சலை எப்படி மெய்யாக்குவது என்று அப்போதுதான் நான் கவலைப்பட ஆரம்பித்தேன்.