மௌனகிரியில் இன்னொரு ஆள்

மௌனகிரியில் யாருக்கும் குரல் கிடையாது. சொல்ல வேண்டியதைக் குகைச் சுவரில் சுடர்மையால் எழுத வேண்டும். எழுதியவர் தனியாக நின்றால் சுவர் வெறும் இருட்டு. பக்கத்தில் இன்னொரு ஆள் வந்து நின்றால்தான் மை பச்சையாக ஒளிரும். ஆள் நகர்ந்த கணமே அணைந்துவிடும்.

இந்த நாட்டைக் கட்டியது அமெரிக்காவில் ரவுண்ட் ராக் என்ற ஊரில் உள்ள ஒரு கேம் கம்பெனி. மலை, பாலம், பறக்கும் எருமை எல்லாவற்றுக்கும் அறுபது பேர். மைக்கு மட்டும் ஒருத்தி, மரகதம். யோசனையும் அவளுடையது, உழைப்பும் அவளுடையது. அப்பா காங்கேயத்தில் அரிசி ஆலையில் மூட்டை சுமக்கிறார். குடும்பத்தில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான். அதைச் சொல்லி யாராவது பாராட்டினால் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். இத்தனை தலைமுறையாக அவள் வீட்டில் யாரையும் உள்ளே விடவில்லை என்பதல்லவா சேதி.

வியாழக்கிழமை டெமோவில், எல்லார் முன்னாலும், மை ஒளிரவில்லை.

"உன் வீட்ல எரியுது, இங்க எரியலன்னா என்னம்மா அர்த்தம்?" என்றான் டீம் லீட் இளமாறன். "திங்கட்கிழமை வரைக்கும் டைம். இல்லன்னா மையைத் தூக்கிடலாம், மாரா."

"மரகதம். அஞ்செழுத்துதான். முழுசாச் சொன்னா வாய் சுளுக்கிக்காது."

சனிக்கிழமை மத்தியானம் சாப்பாட்டு மேசையில் இரண்டு லேப்டாப்களை வைத்து உட்கார்ந்தாள். இடது கை ஓர் ஆள், வலது கை இன்னோர் ஆள். எட்டு மாதமாக இப்படித்தான் சோதிக்கிறாள். இடது எழுதும், வலது வந்து நிற்கும், மை பளிச்சென்று எரியும். இருபதாவது முறையும் எரிந்தபோதுதான் உறைத்தது. இரண்டும் ஒரே வீடு, ஒரே வைஃபை. அவளுக்கும் அவளுக்கும் நடுவில் தூரம் என்று ஒன்று இல்லவே இல்லை. தூரத்தில் இருப்பவர் வந்து சேரக் கொஞ்ச நேரமாகும் என்பதை இந்த மைக்கு அவள் சொல்லிக்கொடுக்கவே இல்லை.

வேறு வீட்டிலிருந்து ஓர் ஆள் வேண்டும். போனில் பெயர்களைத் தள்ளிக்கொண்டே போனாள். ஆபீஸ் ஆட்களிடம் கேட்டால் இளமாறன் காதுக்குப் போகும். அபார்ட்மென்ட் குரூப்பில் பார்க்கிங் சண்டை தவிர எதுவும் இல்லை. மிச்சம் மஹ்பூபா.

மஹ்பூபா மூன்று வருடம் இதே வீட்டில் உடனிருந்தவள். யார் கிளம்பினாலும் பால்கனி விளக்கைப் போட்டுவிட்டு, வண்டி தெருமுனை திரும்புகிற வரை நின்று பார்ப்பாள். அவள் வீட்டுப் பழக்கம் அது. பீட்சா கொண்டுவருகிறவனைக்கூட அப்படித்தான் அனுப்புவாள். கல்யாணமாகி மார்ச்சில் கேட்டி என்ற ஊருக்குக் கிளம்பினாள். புருஷன் ஆதிஃப் கடைசிப் பெட்டியை ஏற்றியதும் கீழேயிருந்து போன் பண்ணினாள். "ஒரு நிமிஷம் வந்து பக்கத்துல நில்லுடி." மீட்டிங்கில் இருப்பதாக மரகதம் சொன்னாள். அன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை.

இப்போது மரகதம் கூப்பிட்டதும் மஹ்பூபா இரண்டாவது மணியிலேயே போனை எடுத்தாள்.

"யாரு செத்தா?"

"யாரும் சாகல. லேப்டாப் இருக்கா?"

"எட்டு மாசம் கழிச்சுக் கூப்பிட்டு லேப்டாப் இருக்காங்கிறா. இருக்கு, சொல்லு."

"லிங்க் அனுப்பறேன், இன்ஸ்டால் பண்ணு. நான் எழுதுவேன். நீ சும்மா வந்து பக்கத்துல நிக்கணும்."

"அவ்வளவுதானே? நானும் அதைத்தான் கேட்டேன் அன்னைக்கு."

மரகதம் லிங்க்கை அனுப்பினாள்.

சிவப்பு அங்கி போட்ட உருவம் ஒன்று குகைக்குள் வந்து நேராகப் பாறையில் முட்டியது. மரகதம் சுவரில் 'வா' என்று எழுதினாள். எரியவில்லை. நினைத்தது சரி. அரை நொடி காத்துப் பார்த்துவிட்டு, யாரும் இல்லை என்று மை முடிவு கட்டிவிடுகிறது. மையின் பொறுமையைக் கூட்டினாள், அதனால் வேறொன்று உடைந்தது, அதையும் சரிசெய்தாள். முக்கால் மணி நேரம் போன் ஸ்பீக்கரிலேயே கிடந்தது. அந்தப் பக்கம் குக்கர் விசில், வெங்காயம் நறுக்கும் சத்தம்.

"ஏய், எரியுதுடி," என்றாள் மஹ்பூபா.

பிறகு அவளும் ஒரு வரி எழுதினாள். அது பச்சையாக ஒளிர்ந்தது. 'ஞாயித்துக்கிழமை மீட்டிங் முடிஞ்சுதா?'

மரகதம் நிறைய அடித்து, நிறைய அழித்தாள். கடைசியில் சுவரில் ஏறியது ஒரு வார்த்தை. 'முடிஞ்சுது.'

"சரி, அவர் வந்துட்டார். சோறு எடுத்து வைக்கணும். போறேன்." சிவப்பு அங்கி திரும்பியது. மை சட்டென்று அணைந்தது. "அய்ய, ஒண்ணும் தெரியல. வாசல் எங்கடி?" இரண்டு முறை முட்டும் சத்தம் கேட்டது. அப்புறம் லேப்டாப்பை மூடிவிட்டாள் போல, உருவம் மறைந்தது. போனும் வைத்தாயிற்று. வீட்டில் ஃப்ரிட்ஜ் ஓடும் சத்தம் மட்டும்.

மையின் புரோகிராமில், ஆள் போனபின்னும் ஒளி நீடிக்க வேண்டிய நேரம் என்று ஒரு வரி இருந்தது. அதில் பூஜ்யம். எட்டு மாதம் முன்னால் அவளே போட்டது. தன் உருவத்தைச் சுவரிலிருந்து குகை வாசல் வரை நடக்கவிட்டு எண்ணினாள். பதினொரு நொடி. பூஜ்யத்தை அழித்துப் பதினொன்று போட்டாள்.

திங்கட்கிழமை எல்லார் மெஷினிலும் எரிந்தது.

"இந்தப் பதினொண்ணு எதுக்கு?" என்றான் இளமாறன். "ஆள் போனா உடனே அணையணும்னு நீதானே ரூல் போட்ட?"

"வாசலுக்குப் போய்ச் சேர அவ்வளவு நேரம் ஆகுது."

"அதனால?"

"வெளிச்சத்துல போகட்டும். வேணும்னா மையையே தூக்குங்க. இதுல கை வைக்காதீங்க."

அவன் அவளை ஒரு மாதிரி பார்த்துவிட்டு, "சரி, இருக்கட்டும்," என்று அடுத்த விஷயத்துக்குப் போனான்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்து ஷூவைக்கூடக் கழற்றாமல் ஒரு லேப்டாப்பை மட்டும் திறந்தாள். குகைக்குப் போய் அந்தச் சுவர் முன்னால் நின்றாள். இருட்டு. அந்தக் கேள்வியும் அந்தப் பதிலும் அங்கேதான் இருந்தன. இன்னொரு லேப்டாப்பைத் திறந்தால் இரண்டும் எரியும். அது மூடியே கிடந்தது. அவள் நின்றுகொண்டே இருந்தாள்.