அகிம் சாருடைய எட்டாவது படம்

அகிம் சார் அல்பேனிய மொழியில் ஏழு படம் தயாரித்தவர். ஐரோப்பாவின் ஒரு மூலையில் பேசுகிற மொழி அது. ஏழில் ஒன்றுகூட அந்த மூலையைத் தாண்டவில்லை. மூன்றாவது படத்தோடு மனைவி விட்டுப் போய்விட்டார். இதையெல்லாம் அழுதும் சொல்லமாட்டார், பெருமையாகவும் சொல்லமாட்டார். பஸ் எத்தனை மணிக்கு என்று சொல்வதுபோலச் சொல்வார்.

ஷார்ஜாவில் எங்கள் ஆபீஸில் இரண்டே நாற்காலி. ஒன்று அவருக்கு, ஒன்று எனக்கு. இன்னும் கட்டாத அடுக்குமாடிகளுக்கு விளம்பரப் படம் எடுப்போம். அதில் வந்ததை வைத்து எட்டாவது படத்தை எடுத்தார். வளைகுடா ஓட்டலில் தரை துடைக்கும் ஓர் அல்பேனியப் பெண்ணின் கதை. பெர்மிட்டுக்கு அலைந்தது நான். தொழிலாளர் கேம்ப்பில் பேசி அறுபது பேரைக் கூட்டக் காட்சிக்கு அழைத்து வந்தது நான். ஆகஸ்ட் வெயிலில் நடிகைக்குக் குடை பிடித்ததும் நான். எங்கள் வீட்டில் முதல் டிகிரி என்னுடையது. குடை பிடிக்கவா படித்தேன்? ஒருநாள் கேட்டேவிட்டேன்.

"சார், இணைத் தயாரிப்பாளர்னு என் பேர் வருமா?"

அவர் போனில் இருந்தார். என்னைப் பார்த்துத் தலையை ஒருமுறை மேலே தூக்கி இறக்கினார்.

அது போதாதா? அன்றைக்கே அப்பாவுக்குச் சொன்னேன். அப்பா குளச்சலில் வள்ளத்தில் மீன்பிடிக்கப் போகிறவர். அடுத்த ஞாயிறு பூசை முடிந்து, யாருக்கு யாரோடு கல்யாணம் என்று ஓலை வாசித்த கையோடு பங்குச் சாமியார் என் பேரையும் வாசித்தாராம். கோயிலே கைதட்டியதாம்.

முதல் காட்சி ஒரு சனிக்கிழமை மதியம். நூற்றிருபது இருக்கையில் பத்தொன்பது பேர். என் ரூம்மேட் நர்ஸ் சுபிஷாவையும் இழுத்துப் போயிருந்தேன்.

"ஏ பிள்ள, இந்த அழுவாச்சிப் படத்துக்கா இந்த அலச்சல் அலஞ்ச?"

"வாய மூடு. இப்ப பேரு வரும் பாரு."

வந்தது. டிரைவர் ஷ்யாம் பேர் வந்தது. சாப்பாடு கொடுத்த கடையின் பேர் வந்தது. ரினி என்று ஒன்று வரவே இல்லை. விளக்கைப் போட்டார்கள்.

"நான் கண்ணச் சிமிட்டிட்டேன் போல," என்றாள் சுபிஷா. அவள் சிமிட்டவில்லை.

வெளியே அகிம் சார் தனியாக நின்று காபி குடித்துக்கொண்டிருந்தார்.

"என் பேர் எங்க சார்?"

"அன்னைக்கே முடியாதுன்னு சொன்னேனே."

"தலைய ஆட்டினீங்க!" நான் ஆட்டிக் காட்டினேன். மேலே, கீழே.

அவர் முகம் வெளுத்தது. "ரினி, எங்க ஊர்ல அதுக்கு இல்லைன்னு அர்த்தம்."

ஆமாம் என்றால் அவர்கள் பக்கவாட்டில் ஆட்டுவார்களாம். இரண்டு வருடமாக அவர் அப்படி ஆட்டியதைப் பார்த்திருக்கிறேன். நாமும் அப்படித்தானே ஆட்டுகிறோம், நம்மாள் மாதிரி இருக்கிறாரே என்று நினைத்துக்கொண்டேன். வேறு எந்த ஊர்க்காரியும் முதல் வாரமே சந்தேகப்பட்டுக் கேட்டிருப்பாள்.

"சரி, ஏன் முடியாது?"

"மூணாவது படத்துல என் மனைவி பேரையும் தயாரிப்பாளர்னு போட்டேன். படம் படுத்தப்போ ஊரே அவளப் பார்த்துச் சிரிச்சுது. யாரும் பார்க்காத படத்துக்கு உன் பேரை எதுக்குக் கெடுக்கணும்?"

"கெடுறது என் பேர் சார். அத நான் பார்த்துக்கறேன். எங்க ஊர்க் கோயில்ல என் பேர வாசிச்சிட்டாங்க. போடுங்க."

மிச்சக் காபியைக் குடித்து முடித்தார். பிறகு தலையைப் பக்கவாட்டில் ஆட்டினார்.

"வாயால சொல்லுங்க."

"போடறேன்."

அடுத்த சனிக்கிழமை சுபிஷாவுக்கு டூட்டி. பாதிப் படத்தில் இருந்த நாலு பேரும் எழுந்து போனார்கள். கடைசியில் முன்வரிசையில் அவர், பின்வரிசையில் நான். என் பேர் வந்தது. மூன்று விநாடி. போனில் பிடித்து அப்பாவுக்கு அனுப்பினேன்.

வாசலுக்கு வருவதற்குள் அப்பா வீடியோ காலில் வந்துவிட்டார். அவருக்குத் தமிழ் எழுத்து மட்டும்தான் தெரியும்.

"இதுல எது மக்களே ஒன் பேரு?"

"மேல இருந்து மூணாவதுப்பா."

"சாமியாருக்குக் காட்டுதேன். பின்னால ஒரே அமைதியா கெடக்கே, படம் நல்லா ஓடுதுல்லா?"

நான் தலையை ஒருமுறை மேலே தூக்கி இறக்கினேன். அப்பா சிரித்தார்.