காப்புத் தொகுதிக்கு ஓர் எடுத்துக்காட்டு

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓர் அகராதியிலிருந்து வந்தது. 2006-ஆம் ஆண்டு, வேதியியல் சொற்களுக்குத் தமிழில் ஓர் அகராதி போடுவது என்று என் நண்பர் மதிவாணன் முடிவு செய்தார். அவர் புதுச்சேரியில் சின்னதாகப் பதிப்பகம் நடத்துகிறவர். நான் அவருக்குப் பிழை திருத்துகிறவன், மற்ற நேரத்தில் கதை எழுதுகிறவன். எங்கள் இருவருக்கும் வேதியியல் தெரியாது என்பதை அவர் ஒரு குறையாக எடுத்துக்கொள்ளவில்லை. ஒவ்வொரு சொல்லுக்கும் பொருள் இரண்டு வரி, எடுத்துக்காட்டு ஒரு வாக்கியம். ஊர் புதுச்சேரி என்பதால் பிரெஞ்சுச் சொல்லுக்கும் ஓர் இடம் ஒதுக்கியிருந்தார். அது கடைசிவரை காலியாகவே இருந்தது.

கரிம வேதியியல் என் தலையில் விழுந்தது. 'அ'விலிருந்து கிளம்பி ஒருவழியாகக் 'கா'வுக்கு வந்தவன் 'காப்புத் தொகுதி'யில் மாட்டிக்கொண்டேன். பொருள் எழுதுவதில் சிக்கல் இல்லை:

காப்புத் தொகுதி: ஒரு மூலக்கூறில் சட்டென்று வினைபுரியக்கூடிய இடத்தின்மேல் தற்காலிகமாகப் பொருத்தப்படும் அணுக்கூட்டம். இன்னோர் இடத்தில் வேலை முடிந்ததும் நீக்கப்படும்.*

எடுத்துக்காட்டுதான் வரவில்லை. நான் எழுதி அடித்தவை:

மழைக்குக் குடை பிடிப்பது போல

('போல' என்று வந்தாலே மதிவாணனுக்குக் கோபம் வரும்.)

வேதியியலாளர் காப்புத் தொகுதியைப் பயன்படுத்தினார்.

(உண்மைதான். ஆனால் காப்புத் தொகுதியை எடுத்துவிட்டு சைக்கிளைப் போட்டாலும் இந்த வாக்கியம் நிற்கும்.)

ஆகவே மாடிக்குப் போனேன்.

* 'காப்பு' என்றால் கோயில் திருவிழாவில் கட்டுவது ஆயிற்றே என்று மதிவாணன் ஆட்சேபித்தார். அதையும் திருவிழா முடிந்ததும் கழற்றத்தானே செய்கிறோம் என்றேன். பேசாமல் போய்விட்டார். அவரை நான் ஜெயித்தது அந்த ஒரு தடவைதான்.

2

புதுச்சேரியின் சாரம் பகுதியில் என் வீட்டு மாடியில் அப்பா அம்மாவோடு குடியிருந்தவள் கார்குழலி. (பெயரை மாற்றியிருக்கிறேன். மற்ற பெயர்களையும்.) சேதராப்பட்டுப் பக்கம் ஒரு மருந்துக் கம்பெனியின் ஆய்வுக்கூடத்தில் வேலை. காப்புத் தொகுதிகளைப் போடுவதும் எடுப்பதுமே அவளுடைய பிழைப்பு. கீரை ஆய்ந்துகொண்டே எனக்குப் பாடம் நடத்தினாள்.

ஒரு மூலக்கூறில் இரண்டு இடங்கள் இருக்கின்றன என்று வையுங்கள். இரண்டுமே எது கிடைத்தாலும் பிடித்துக்கொள்ளத் தயாராக நிற்கின்றன. நமக்கு ஓர் இடத்தில் மட்டும்தான் வேலை. சும்மா விட்டால் மற்றது குறுக்கே விழுந்து காரியத்தைக் கெடுத்துவிடும். அதனால் அதை மூடிவைக்கிறோம். கேட்பவர்கள் எல்லோரும் பலவீனமான இடத்தை மூடுவதாக நினைத்துக்கொள்கிறார்கள், அது தப்பு என்றாள். மூடுவது துடிப்பான இடத்தை.

மூடுகிற சரக்குக்கு நிபந்தனைகள் உண்டு. சுலபமாக ஒட்ட வேண்டும். வேலை முடிகிறவரை தாங்க வேண்டும். எடுக்கும்போது வேறெதையும் பிய்த்துக்கொண்டு வரக் கூடாது.

"எடுக்கத் தெரியாதத போடவே கூடாது சார். போட்டா அது மருந்துலயே ஒரு பாகமா நின்னுடும்."

எடுத்துக்காட்டு ஒன்று வேண்டும், வேதியியல் தெரியாதவனுக்கும் புரிகிற மாதிரி, என்றேன். அவள் கீரைக் கட்டை ஆய்ந்து முடித்தாள். பிறகு, "எங்க சித்தி பொட்டு" என்றாள்.

3

தொடக்கம், முதல் முயற்சி: இராமதாஸ் செத்துப்போன அன்று பெரிய மார்க்கெட்டில் நல்ல முகூர்த்தக் கூட்டம்.

இரண்டாம் முயற்சி: அந்தக் குடும்பத்தில் இதயம் கெட்டது அண்ணனுக்குத்தான் என்று எல்லோரும் நம்பியிருந்தார்கள்.

இரண்டில் எது தேவலை என்று தெரியவில்லை. இரண்டுமே நடந்ததுதான், அதனால் இரண்டையும் வைத்துக்கொள்கிறேன்.

அண்ணன் கிருஷ்ணசாமி, கார்குழலியின் அப்பா. மில்லில் தறி ஓட்டியவர். பெரிய ஆஸ்பத்திரி ஒன்றில் இதய ஆபரேஷனுக்குச் சேர்த்து, நாளும் குறித்தாகிவிட்டது. தம்பி இராமதாஸ் பெரிய மார்க்கெட்டில் வாழையிலைக் கடை வைத்திருந்தவர். வீடு அரியாங்குப்பத்தில், பிள்ளைகள் இல்லை. ஆபரேஷனுக்கு முந்தின நாள் காலை, வேனிலிருந்து இலைக் கட்டை இறக்கியவர் அதன்மேலேயே உட்கார்ந்தார். களைப்பாக்கும் என்று பக்கத்துக் கடைக்காரர் டீ வாங்கப் போனார். டீ வந்தபோது ஆள் இல்லை.

பெரியவருக்கு எந்த அதிர்ச்சியும் கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். மறைத்துவிடுவது என்று குடும்பம் முடிவு செய்தது. கொள்ளிவைத்தது கார்குழலியின் அண்ணன் செல்வகுமார். மொட்டைத் தலையோடு ஆஸ்பத்திரிக்குப் போனவன், உங்களுக்காகத் திருப்பதிக்கு வேண்டிக்கொண்டேன் என்று சொல்லிவிட்டான். மகனுக்கு இவ்வளவு பாசமா என்று கிருஷ்ணசாமி கண் கலங்கியிருக்கிறார். (இதை நான் கற்பனை செய்திருந்தால் அடித்திருப்பேன்.)

தம்பி வராததற்கு முகூர்த்த மாசம், இலை வியாபாரம், நகர முடியவில்லை என்று காரணம் சொல்லலாம். தம்பி பெண்டாட்டி ஆயம்மா வராததற்குக் காரணம் கிடையாது. ஆயம்மா கையால் மிளகு ரசம் வந்தால்தான் பெரியவருக்குச் சோறு இறங்கும். ஆகவே ஆயம்மா வந்தார். கருமாதிவரை பொட்டும் தாலியும் இருக்கும் என்பதால் அதுவரை சிக்கல் எழவில்லை.

ஆனால் ஆபரேஷன் முடிந்து தையல் போட்ட இடத்தில் சீழ் பிடித்து, வீடு திரும்புவது தள்ளிப்போனது. பெரியவர் ஆஸ்பத்திரியில் கிடந்த நேரத்தில் அரியாங்குப்பத்தில் கருமாதி நடந்து, ஆயம்மாவின் தாலியையும் பூவையும் பொட்டையும் எடுத்துவிட்டார்கள்.

அப்போதுதான் கார்குழலி தன் படிப்பைப் பயன்படுத்தினாள். குங்குமம் வேண்டாம், கறை நிற்கும் என்றாள். ஸ்டிக்கர் பொட்டு. சுலபமாக ஒட்டும், வேர்வைக்குத் தாங்கும், எடுத்தால் தடம் தெரியாது. பூவுக்கு ஒரு கொண்டை ஊசி போதும். கழுத்துக்குக் கவரிங் செயின்; முந்தானைக்குள் நுனியை விட்டுக்கொண்டால் யார் பார்க்கப்போகிறார்கள்? நிபந்தனை எல்லாம் சரியாகப் பொருந்தியது.

4

பெரியவரை வீட்டுக்கு அழைத்து வந்த பிறகும் இது தொடர்ந்தது. ஆயம்மா தினமும் அரியாங்குப்பத்திலிருந்து பஸ் ஏறி, வெறும் நெற்றியோடு என் வீட்டு மாடிப்படி ஏறுவார். பாத்ரூம் கண்ணாடியில் ஒட்டிவைத்த பொட்டை எடுத்து வைத்துக்கொள்வார். பெரியவரோடு ஒரு மணி நேரம். திரும்பும்போது பொட்டு கண்ணாடிக்குப் போய்விடும்.

இந்த இடத்தில் நான் இப்படி எழுதியிருந்தேன்: பாத்ரூம் கதவைச் சாத்திக்கொண்டு ஆயம்மா வாயில் முந்தானையை அடைத்து

கார்குழலி படித்துவிட்டு, சித்தி அழவில்லை என்றாள். பின்னே உள்ளே அவ்வளவு நேரம் என்ன செய்தார் என்று கேட்டேன். ரெடியாகிக்கொண்டிருந்தார் என்றாள்.

ஆயம்மா என்ற பாத்திரத்தைப் பற்றி எனக்கு முதலிலிருந்தே சந்தேகம் இருந்தது. பாவப்பட்ட பெண் ஒருத்தியை எழுதப்போவதாக நினைத்துக்கொண்டிருந்தேன். அவர் என் தொழில் செய்கிறவர் என்று தெரிந்தபோது எரிச்சல்தான் வந்தது.

முதல் நாள், "லோடு வந்திருக்கு மாமா, அவரால வர முடியில" என்பதோடு நிறுத்திக்கொண்டார். அடுத்த நாள் லோடு தஞ்சாவூரிலிருந்து வந்தது, பாதி இலை கிழிசல், டிரைவரோடு அவருக்கு வாய்ச் சண்டை. அதற்கப்புறம் இராமதாஸ் பீடியை விட்டார். (உயிரோடு இருந்தபோது இதற்காக ஆயம்மா கும்பிடாத சாமி இல்லை.) பிறகு பழைய ஸ்கூட்டர் ஒன்றை வாங்குவதா வேண்டாமா என்று யோசிக்க ஆரம்பித்தார். டயரைப் பார்த்து வாங்கச் சொல்லு என்று பெரியவர் சொல்லியனுப்பினார். மறுநாள் பதில் வந்தது: பார்த்தார், முன் டயர் வழுக்கை, விற்கிறவன் மாற்றித் தருகிறானாம்.

என் கதைகளில் ஒரு ஸ்கூட்டருக்குக்கூட டயர் தேய்ந்ததில்லை. பொறாமையாக இருந்தது, சொல்வதற்கென்ன.

5

ஒருநாள் ஆயம்மா பொட்டை எடுக்க மறந்து, பூவோடு அரியாங்குப்பம் பஸ்ஸில் ஏறிவிட்டார்.

('மறந்து' என்பது கார்குழலியின் சொல். நான் அதை அடித்தேன். பிறகு திரும்ப எழுதினேன். இப்போது மறுபடியும் அடிக்கத் தோன்றுகிறது.)

பஸ்ஸில் தெரிந்த பெண்கள் இருந்தார்கள். பக்கத்தில் உட்கார இடம் இருந்தும் நின்றுகொண்டே வந்தார்கள். பொழுது சாய்வதற்குள் ஆதிமூலத்துக்குச் செய்தி போய்விட்டது. ஆதிமூலம் பங்காளிகளில் மூத்தவர். அவரைக் கெட்டவராகக் காட்டினால் கதைக்குச் சௌகரியம்தான், ஆனால் இராமதாஸின் பாடைக்குத் தோள் கொடுத்தவர் அவர்; வெயிலில் கடைசிவரை சுடுகாட்டில் நின்றவர். சாரத்துக்கு வந்து கார்குழலியின் அம்மா அஞ்சலாட்சியிடம் மெதுவாகத்தான் பேசினார். பெரியவருக்கு நல்லா ஆகிவிட்டது என்று டாக்டரே சொல்லிவிட்டார். இன்னும் எதற்கு இந்த வேஷம்? ஞாயிற்றுக்கிழமை விஷயத்தைச் சொல்லி, பெரியவருக்குத் தலைமுழுகச் செய்து, இதை முடித்துவிடலாம்.

அஞ்சலாட்சி சரி என்றார். கார்குழலிக்கும் அதுதான் சரி என்று பட்டது. வேலை முடிந்தால் காப்பை நீக்க வேண்டும், பாடம் அப்படித்தான். மறுநாள் சித்தி மாடிக்கு வந்தபோது அவளே சொன்னாள்.

"ஒங்கப்பாவுக்கு நல்லா ஆயிடுச்சின்னு யாரு சொன்னது?" என்று கேட்டார் ஆயம்மா.

டாக்டர் என்றாள்.

"டாக்டருக்கு இன்னா தெரியும்?" என்றவர் மேலே சொன்னார்: "அந்த ரூம்ல இருக்கிற வரைக்கும் ஒங்க சித்தப்பா கடைக்குப் போறாரு, வர்றாரு. வெளிய வந்தா செத்துடறாரு. நான் இன்னா பண்ணட்டும் குழலி, நீயே சொல்லு."

கார்குழலி இறங்கி வந்து என் வாசற்படியில் உட்கார்ந்தாள்.

"துடிப்பான எடம் எங்கப்பா நெஞ்சுன்னு நெனச்சிட்டேன் சார். எந்த எடத்த மூடுறோம்னே பாக்கல."

அவள் அழுதாள். இதை நான் வேறு மாதிரி அலங்கரித்து எழுதப்போவதில்லை.

6

மதிவாணன் இதுவரை படித்தார். அகராதிக்கு இது நீளம் என்றார். அதற்குப் பிறகு, முடிவு என்ன என்று கேட்டார். என்னிடம் இருப்பவை இவை:

அ. கிருஷ்ணசாமிக்கு எல்லாம் முன்பே தெரியும். ஆயம்மாவுக்காகத்தான் தெரியாத மாதிரி நடித்தார். (நீங்கள் இதைத்தான் எதிர்பார்த்தீர்கள். நானும்தான். கார்குழலியிடம் கேட்டேன். அப்பாவுக்கு நடிக்க வராது, சீட்டாட்டத்தில்கூட எல்லாம் முகத்தில் தெரியும் என்றாள். போயிற்று.)

ஆ. சொல்கிறார்கள். பெரியவர் அழுது தலைமுழுகிப் பிழைத்துக்கொள்கிறார். ஆயம்மா வெறும் நெற்றியோடு பஸ் ஏறுகிறார். எல்லோரும் அவர் பக்கத்தில் உட்கார்கிறார்கள்.

இ. சொல்கிறார்கள். பெரியவர்

(இதை முழுதாக எழுத எனக்கு மனசு வரவில்லை. டாக்டர் சொல்லியிருக்கிறார் இல்லையா, நல்லா ஆகிவிட்டது என்று.)

ஈ. பொட்டை எடுப்பதில்லை என்று ஆயம்மா சொல்லிவிடுகிறார். பெரியவருக்காகவோ இராமதாஸுக்காகவோ இல்லை, சும்மா. அரியாங்குப்பத்திலேயே வைத்துக்கொண்டு நடமாடுகிறார்.

எனக்கு ஈ பிடித்திருக்கிறது. ஆனால் கீழ்வீட்டில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்து எழுதுகிறவனுக்குப் பிடிப்பது சுலபம், அந்தப் பஸ்ஸில் ஏற வேண்டியவர் ஆயம்மா. அதோடு, ஈ-யிலும் பெரியவரிடம் யாராவது சொல்லியாக வேண்டும். அதற்கப்புறம் டயரைப் பற்றிக் கேட்க உலகத்தில் ஆள் கிடையாது.

7

ஞாயிற்றுக்கிழமை.

ஆதிமூலம் கூடத்தில் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருக்கிறார். பெரியவர் தலைமுழுகுவதற்கு வெந்நீர் தயார்; அஞ்சலாட்சி வாளியை மூடிவைத்திருக்கிறார். செல்வகுமாருக்கு முடி கொஞ்சம் வளர்ந்துவிட்டது. யார் சொல்வது என்று யாரும் பேசிக்கொள்ளவில்லை.

பாத்ரூம் கதவு திறந்தே இருக்கிறது. ஆயம்மா கண்ணாடி முன்னால் நிற்கிறார், பொட்டு ஆள்காட்டி விரல் நுனியில் இருக்கிறது. வாசலில் நிற்கும் கார்குழலி, வை என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை.

உள்ளறையிலிருந்து கிருஷ்ணசாமியின் குரல் வருகிறது.

"ஆயம்மா, வந்துட்டியா? வண்டிய வாங்கிட்டானா, இல்லியா?"

கூடத்தில் எல்லோரும் என்னைப் பார்க்கிறார்கள். நான் பிழை திருத்துகிறவன். இதில் எது பிழை என்று எனக்குத் தெரியவில்லை. ஆகவே உங்களிடம் கொடுக்கிறேன். முன் டயர் மாற்றியாகிவிட்டது. வெந்நீர் ஆறிக்கொண்டிருக்கிறது. மதிவாணன் எடுத்துக்காட்டுக்கு ஒரு வரி இடம் விட்டிருக்கிறார், உங்கள் பதில் அதற்குள் அடங்கினால் போதும்.

சீக்கிரம் சொல்லுங்கள். உள்ளே இருப்பவரை ரொம்ப நேரம் காக்கவைப்பது அவர் இதயத்துக்கு நல்லதில்லை.