மேலதிகாரிக்குப் பொரித்த சுஷி

மற்ற வீடுகளில் கணவன் பொய் சொன்னால் மனைவிக்குக் கோபம் வரும். எங்கள் வீட்டில் எனக்கு வேலை வரும்.

என் கணவர் டைல்ஸ் ஷோரூமில் விற்பனைப் பிரிவில் இருக்கிறார். புது மேலதிகாரி வந்து மூன்று மாதம் ஆகிறது. அவருக்குப் பச்சை மீன் வைத்துச் சுருட்டும் ஜப்பான் சோறு, சுஷி என்றால் உயிராம். மீட்டிங் தொடங்கும்போதும் அந்தப் பேச்சு, முடியும்போதும் அந்தப் பேச்சு. அப்படி ஒரு மீட்டிங்கில் என் கணவர் வாய் கூசாமல், "எங்க வீட்ல வாராவாரம் பண்ணுவோம் சார்" என்று அளந்திருக்கிறார். அப்படியானால் ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பிட வருகிறேன் என்று அவரும் சொல்லிவிட்டார். எங்கள் வீட்டில் வாராவாரம் நடப்பது துணி துவைப்பது ஒன்றுதான்.

கத்தித் தீர்த்திருப்பேன். ஆனால் அது கத்த முடியாத மாதம். ஷோரூமிலிருந்து ஒருவரை எட்டு மணி நேரப் பயணத் தொலைவில் இருக்கும் கிடங்குக்கு மாற்றப் போகிறார்கள். பட்டியலில் இரண்டே பேர், அதில் இவர் ஒருவர். கையெழுத்துப் போடப் போவது அந்த சுஷிப் பிரியர். இவர் போனால் நானும் வேலையை விட்டுவிட்டுப் பின்னால் போக வேண்டும். பதினேழு வருடமாக ஓர் ஆஸ்பத்திரி லேபில் மைக்ராஸ்கோப் பார்க்கிறேன். என் மேசைக்கு வருவது பெரும்பாலும் மலம். சொன்னால் சொந்தக்காரர்கள் மூக்கைப் பிடித்துக்கொள்வார்கள். எனக்கு அந்த வேலை மிகவும் பிடிக்கும். எப்பேர்ப்பட்ட ஆளும் ஒரு சின்ன டப்பாவைக் கைக்குட்டையில் மறைத்துக்கொண்டு என் ஜன்னல் முன் வரிசையில் நின்றுதான் ஆக வேண்டும்.

"எல்லாம் சரிங்க. பச்சை மீன் மட்டும் இந்த வீட்டுக்குள்ள வராது. அதுல என்னென்ன இருக்கும்னு நான் தினம் பாக்குறவ."

"பச்சையா இல்லன்னா அது சுஷியே இல்லம்மா."

"அப்போ உங்க சாருக்குப் போன் போட்டு உண்மையச் சொல்லுங்க."

அரை மணி நேரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தார். பிறகு போனும் கையுமாக ஓடி வந்தார். சுஷியை முழு உருளையாக மாவில் தோய்த்து, ரொட்டித் தூளில் புரட்டி, எண்ணெயில் பொரிப்பதும் உண்டாம். பொரிப்பது என்று காதில் விழுந்ததும் எனக்குப் பாதி உயிர் வந்தது.

சனிக்கிழமை ஒத்திகை. கடற்பாசித் தாளை மூங்கில் பாயில் விரித்து, வினிகர் கலந்த சோற்றை அவர் பரப்பிய அழகைப் பார்க்க வேண்டும். சுவருக்குச் சுவர் டைல்ஸ் ஒட்டிக் காட்டியே பழகிய புத்தி. நான்கு ஓரத்திலும் நூலிழை இடம் விடாமல் சோற்றை நிரப்பி, ஸ்கேலை வைத்து மட்டம் வேறு பார்த்தார்.

"ஓரத்துல ரெண்டு விரல் இடம் விடுங்க. இல்லன்னா எப்படி ஒட்டும்?"

"கேப் தெரிஞ்சா கஸ்டமர் ஒத்துக்க மாட்டான்."

கஸ்டமரைக் கேட்காமலேயே உருளை எண்ணெயில் வாயைப் பிளந்தது. சோறு நாலா பக்கமும் தெறித்தது. கணவர் சாப்பாட்டு மேசைக்குப் பின்னால் போய் நின்றுகொண்டு, "ஸ்டவ்வ அணை, ஸ்டவ்வ அணை" என்று எனக்கு உத்தரவு போட்டார். அடுத்ததற்கு இரண்டு விரல் இடம் விட்டு, ஓரத்தைத் தண்ணீரால் தடவி, நானே இறுக்கிச் சுருட்டினேன். மாவை ஐஸ் தண்ணீரில் கரைத்தேன். உருளை பொன்னிறமாக வந்தது. உள்ளே மீன் வெந்திருந்தது. அவர் உடனே அதைப் படம் எடுத்து, தான் செய்ததாக ஆபீஸுக்கு அனுப்பினார்.

ஞாயிறு மதியம் மணி அடித்தது. கதவைத் திறந்தேன். மேலதிகாரி வாயெல்லாம் பல்லாக நின்றிருந்தார். என்னைப் பார்த்ததும் அவர் முகத்தில் ஈயாடவில்லை.

எனக்கும்தான். ஆறு வாரத்துக்கு முன்னால் என் ஜன்னலுக்கு வந்த டப்பா, நம்பர் நாற்பத்தொன்று. நாடாப்புழு முட்டை. ரிப்போர்ட் வாங்க வந்தவரிடம், "சரியா வேகாத மீன் ஏதாவது சாப்பிட்டீங்களா?" என்று நான்தான் கேட்டேன். செருப்பைப் பார்த்தபடி, "எப்பவாவது" என்றவர் இவர்தான்.

லேப் விஷயம் லேபோடு போய்விட வேண்டும். கட்டின கணவரிடம்கூட மூச்சு விட மாட்டேன். ஆனால் அது இந்த மேலதிகாரிக்கு எப்படித் தெரியும்? ஒரு கையெழுத்துப் போட்டால் கணவர் கிடங்குக்குப் போவார். சாட்சியும் மூட்டை முடிச்சோடு பின்னாலேயே போய்விடும். உள்ளே வரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தேன்.

அந்த நேரம் பார்த்து என் கணவர் என் பெருமையைப் பேச ஆரம்பித்தார். கல்யாணமாகி இத்தனை வருடத்தில் பேசாத பெருமை.

"இவ ஆஸ்பத்திரி லேப்ல இருக்கா சார். ஒரு தடவ பாத்துட்டா போதும், எந்த முகத்தையும் மறக்க மாட்டா!"

மேலதிகாரி தண்ணீர் டம்ளரைக் கீழே வைத்தார்.

"அதெல்லாம் சும்மா சொல்றார் சார்," என்றேன். "அங்க எனக்கு எல்லாரும் நம்பர்தான். ஜன்னல மூடினா நம்பரும் மறந்துடும்."

அவர் பாதி நம்பினார். மீதிப் பாதியை நம்புவதற்குள் கணவர் மாடி வீட்டுக்கு ஓடிப்போய், அவர்கள் பிரிட்ஜில் எனக்குத் தெரியாமல் ஹோட்டலில் வாங்கி ஒளித்து வைத்திருந்த தட்டோடு வந்தார். பச்சை மீன் சுஷி, பத்துத் துண்டு, ஓரத்தில் ஒரு பூ வேறு.

"பொரிச்சது எங்களுக்கு சார். உங்களுக்கு ஒரிஜினல்!"

எனக்கு வந்த கோபத்தில் அதைப் பொரிக்க எண்ணெயே தேவைப்பட்டிருக்காது. ஆனால் மேலதிகாரியைப் பார்த்ததும் பாவமாகிவிட்டது. வேண்டாம் என்றால் மூன்று மாதம் அடித்த தம்பட்டம் போச்சு. சாப்பிட்டால் வயிறு போச்சு, அதுவும் என் கண் முன்னால். ஊசிக்குக் காத்திருக்கும் குழந்தை மாதிரி என்னைப் பார்த்தார்.

தட்டை வெடுக்கென்று பிடுங்கினேன்.

"என் அடுப்புல படாம எதுவும் இங்க யார் வாய்க்கும் போகாது. சாரா இருந்தாலும் சரி."

கணவர் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார். கிடங்குக்குப் போகும் பஸ் அவர் கண்ணுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

"மேடம் சொல்றதுதான் கரெக்ட்!" மேலதிகாரியின் குரல் தெருவுக்கே கேட்டிருக்கும். "வீடுன்னா ஒரு ரூல் இருக்கணும். நம்ம ஷோரூம்ல இல்லாததே இந்த டிசிப்ளின்தான்!"

பத்துத் துண்டையும் மாவில் முக்கிப் பொரித்தேன். கணவர் சாஸ் எடுக்க உள்ளே போன நேரம், "உள்ளயும் வெந்திருக்கும்ல?" என்று மேலதிகாரி கிசுகிசுத்தார். ஒன்றை வெட்டி ஆவியைக் காட்டினேன். எங்கள் பங்கிலும் எடுத்து, மனிதர் பதினான்கு சாப்பிட்டார்.

செவ்வாய்க்கிழமை உத்தரவு வந்தது. கிடங்குக்குப் போவது பட்டியலில் இருந்த இன்னொருவர். பாவம், அவர் வீட்டுக்கு யாரும் சாப்பிடப் போகவில்லை.

"பாத்தியா?" என்றார் கணவர். "அந்தப் பச்சை மீன் தட்டப் பாத்ததுமே ஆளு அசந்துட்டார். நீதான் எல்லாத்தையும் கெடுக்கப் பாத்த."

இந்தக் கதையை இனி ஒவ்வொரு சொந்தக்காரரிடமும் அவர் சொல்லப் போகிறார், நான் பக்கத்தில் உட்கார்ந்து தலையாட்டப் போகிறேன். என் மைக்ராஸ்கோப்புக்காக அதையும் பொறுத்துக்கொள்ளலாம்.

புதன்கிழமை காலை ஜன்னலில் ஒரு டப்பா வந்தது. மறு பரிசோதனை, நம்பர் பதினாறு. ஒரு முறைக்கு மூன்று முறை பார்த்தேன். முட்டை இல்லை. மனதாரச் சந்தோஷப்பட்டேன். ரிப்போர்ட்டை நீட்டியபோது மேலதிகாரி வாங்கி மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். ஆனால் நகரவில்லை. ஜன்னலுக்குள் தலையை விட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"மேடம், அந்த எண்ணெய் எவ்வளவு சூடா இருக்கணும்?"

"எதுக்கு சார்?"

"ஞாயித்துக்கிழமை கம்பெனி எம்.டி. எங்க வீட்டுக்குச் சாப்பிட வர்றார். வாராவாரம் பண்ணுவோம்னு சொல்லிட்டேன்."

பின்னால் வரிசை நீண்டிருந்தது.

"ஒரு சொட்டு மாவு விட்டுப் பாருங்க. உடனே மேல வந்தா சரி," என்றேன். "ஓரத்துல ரெண்டு விரல் இடம் விடச் சொல்லுங்க வீட்ல."

பிறகு அடுத்த நம்பரைக் கூப்பிட்டேன்.