இருபத்து நாலாயிரம் கோழிகளும் ஒரு மாப்பிள்ளையும்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நான் எழுத உட்கார்ந்தது கதை இல்லை, கட்டுரை. மனிதர்கள் விலங்குகளை என்ன பாடு படுத்துகிறார்கள் என்று பதினோரு பக்கம். திரும்பக்கூட இடமில்லாத கூண்டு, நாள் கணக்காகத் தண்ணீர் காட்டாமல் ஓடும் லாரி, கண்ணில் மருந்து விட்டுச் சோதிக்கப்படும் முயல், பிறந்த அன்றே தாயிடமிருந்து இழுத்துப் போகப்படும் கன்று, ஈன்று ஈன்று ஓய்ந்துபோன வளர்ப்பு நாய். ஒன்றையும் விடவில்லை. பக்கத்துக்குப் பக்கம் கோடிகள். எழுதி முடித்தபோது எனக்கே என்மேல் ஒரு மரியாதை வந்துவிட்டது.

என் வீட்டுக்காரரிடம் படிக்கக் கொடுத்தேன். நாலாவது பக்கத்தில், கண்ணாடி மூக்கிலேயே இருக்க, மனிதர் தூங்கிப்போயிருந்தார். (மதியம் சாப்பிட்டது ஆம்லெட். இதை அடிக்குறிப்பாகப் போடலாம் என்று இருந்தேன். இங்கேயே கிடக்கட்டும்.)

எழுப்பிக் கேட்டேன்.

"நல்லாத்தான் எழுதியிருக்க. ஆனா அஞ்சு சைபருக்கு மேல போனா எனக்கு எல்லாம் ஒண்ணாத்தான் தெரியுது," என்றார்.

சுள்ளென்று கோபம் வந்தது. தாள்களை எடுத்துக்கொண்டு மாடிக்கு ஏறினேன். மேல் வீட்டில் இருப்பவளை எல்லோரும் 'கம்ப்யூட்டர்' என்றுதான் கூப்பிடுவார்கள். குஞ்சு பொரிக்கும் தொழிற்சாலையில், சேவல் எது பெட்டை எது என்று பார்த்துக் குஞ்சு பிரிக்கிறவள். பதினோரு வருடத்தில் ஒரு தப்பும் செய்யாததால் வந்த பெயர். என் புலம்பலை முழுசாகக் கேட்டுவிட்டு, ஒரு சேவலின் கதையைச் சொன்னாள். நான் விலா வலிக்கச் சிரித்தேன். இந்த விஷயத்தில் சிரிக்கலாமா என்று இரண்டு நாள் குழம்பினேன். பிறகு எழுத ஆரம்பித்தேன்.

எழுத அனுமதி கொடுத்தவள் ஒரு நிபந்தனை போட்டாள். "எழுதினத எனக்குப் படிச்சுக் காட்டணும், எழுத்தாளரம்மா. சும்மா சும்மா என்னைய அழ வைக்கக் கூடாது."

2

முதல் தொடக்கம்: "விடியலின் சாம்பல் வெளிச்சத்தில், கனத்த மனத்தோடு அவள் அந்தக் கட்டிடத்துக்குள் நுழைந்தாள்."

"எந்த வெளிச்சம்?" என்றாள் கம்ப்யூட்டர். "உள்ள ஜன்னலே கிடையாது. மனசும் கனக்கல. எனக்குப் பக்கத்துல குஞ்சு பிரிக்கிற ரெண்டாவது டேபிள்காரி கூட வந்தா எவளுக்கும் மனசு கனக்காது."

இரண்டாவது தொடக்கம்: "மஞ்சள் பூக்களைப் போலக் குஞ்சுகள்" (விட்டுவிட்டேன். பூக்கள் கத்துவதில்லை.)

மூன்றாவது தொடக்கத்துக்குக் காத்திருந்தால் கதை நகராது. நேராகவே சொல்கிறேன்.

ஒரு பெல்ட் ஓடுகிறது. அதில் நேற்று முட்டைக்குள் இருந்த குஞ்சுகள் வருகின்றன. கம்ப்யூட்டர் ஒன்றை எடுத்து, விளக்குக்குக் கீழே இறக்கையை விசிறிபோல விரிக்கிறாள். இறகுகள் ஒன்று நீளம் ஒன்று குட்டை என்று இருந்தால் பெட்டை. எல்லாம் ஒரே அளவாக இருந்தால் சேவல். பெட்டை வலது பக்கப் பெட்டிக்கு. சேவல் இடது பக்கச் சரிவுக்கு. ஒரு குஞ்சுக்கு மூன்று விநாடி, ஒரு ஷிப்டுக்கு எட்டாயிரத்துச் சொச்சம்.

சேவல் முட்டை போடாது. இந்த இனம் இறைச்சிக்கும் தேறாது. அதனால் இடது பக்கச் சரிவின் முடிவில் ஒரு இயந்திரம் இருக்கிறது. அதை வர்ணித்து ஒரு பக்கம் எழுதியிருந்தேன். படித்துக் காட்டினேன்.

"ஒரு வரி போதும்," என்றாள். "அங்கயும் ஒரு செகண்டுதான் ஆகுது."

எடுத்துவிட்டேன். அந்த ஒரு பக்கத்தைவிட அவள் சொன்னது எனக்கு அதிகம் வலித்தது.

இன்னும் ஒரே ஒரு விதி சொல்லிவிட்டால் போதும். தப்பு நடந்ததாகச் சந்தேகம் வந்தால் சிவப்புப் பொத்தானை அமுக்கி பெல்ட்டை நிறுத்த வேண்டும். நிறுத்தாமல் விட்டது பிறகு தெரியவந்தால், பிரித்தவளுக்கு மூன்று மாதம் 'இடது பக்க வேலை'. அதாவது அந்த இயந்திரத்துக்குப் பக்கத்தில் நிற்பது. ஒருமுறை போய்வந்தவள் ஒருத்தி இன்னும் மிக்ஸி சத்தம் கேட்டால் எழுந்து வாசலுக்குப் போய்விடுகிறாளாம். கம்ப்யூட்டருக்கு உலகத்தில் வேறு எதற்கும் பயமில்லை. இதற்கு உண்டு.

3

தப்பு நடந்த நாள்.

ரெண்டாவது டேபிள்காரி தன் வீட்டுக்காரர் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தாள். மனிதர் மாமனார் வீடு என்று நினைத்துப் பக்கத்து வீட்டுக்குள் நுழைந்துவிட்டார். சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டி, மின்விசிறிக்குக் கீழே காலை நீட்டி உட்கார்ந்துவிட்டார். அந்த வீட்டு அம்மாவும், யாரோ தன் வீட்டுக்காரர் வழிச் சொந்தம் போலிருக்கிறது என்று தண்ணீர் கொண்டுவந்து கொடுத்திருக்கிறாள்.

"இவரு என்ன பண்ணாரு தெரியுமா? தண்ணியக் குடிச்சுட்டு, 'என்ன அத்தே, இளைச்சுட்டீங்க'ன்னு கேட்டிருக்காரு!"

கம்ப்யூட்டர் சிரித்தாள். குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். கையில் இருந்தது சேவல். இறக்கையைப் பார்த்தாயிற்று, தெரிந்துவிட்டது. ஆனாலும் கை வலது பக்கம் போய்விட்டது. நூறு பெட்டைகளுக்கு நடுவில் அவன் விழுந்ததை அவள் கண்ணாலேயே பார்த்தாள். சிவப்புப் பொத்தான் எட்டும் தூரத்தில்தான் இருந்தது.

அமுக்கவில்லை.

ஏன்? இங்கேதான் என் பாத்திரத்தின்மேல் எனக்குச் சந்தேகம் வந்தது. 'கருணை' என்று எழுதிப் பார்த்தேன்.

"கருணையா? எனக்கா? அதுக்கு முந்தின அரை மணி நேரத்துல முந்நூறு பேர இடது பக்கம் போட்டிருக்கேன்."

அடித்துவிட்டு 'கர்வம்' என்று எழுதினேன். பதினோரு வருடப் பெயர் கெட்டுவிடக் கூடாதே.

"இருக்கலாம். ஆனா அப்ப அது தோணவே இல்ல."

"பின்ன எதுக்குத்தான் அமுக்கல?"

"சிரிச்சுக்கிட்டு இருந்தேன். சிரிச்சுக்கிட்டு இருக்கும்போது கை அதைச் செய்ய மாட்டேங்குது."

நான் இருபது வருடமாக எழுதுகிறேன். இப்படி ஒரு வரி எனக்கு வந்ததில்லை.

4

நாலரை மாதம் கழித்து முட்டைக் கொட்டகையில் ஒரு காலை. அதே நிறுவனம்தான், சாலைக்கு அந்தப் பக்கம். மூன்று அடுக்காகக் கம்பிக் கூண்டுகள், இருபத்து நாலாயிரம் கோழிகள். அங்கே முட்டை வண்டி தள்ளுவது கம்ப்யூட்டரின் நாத்தனார்.

(கோழி தெரிந்த வாசகர் இங்கே கையைத் தூக்குவார்: கொண்டை பெரிதாகியிருக்குமே, அதுவரை யாரும் கவனிக்கவில்லையா? இல்லை. அங்கே கொட்டகையைத்தான் பார்ப்பார்கள், கோழியைப் பார்ப்பதில்லை. என் பதினோரு பக்கத்தில் நானும் அதையேதான் செய்திருந்தேன்.)

திடீரென்று ஒரு கூவல். முதல் கூவல் என்பதால் பாதியில் உடைந்து, தொண்டையைச் செருமி, மறுபடி எழுந்தது.

"யாரு போன் அது?" என்று சூப்பர்வைசர் கத்தினார். "வேலை நேரத்துல போனை அணைச்சு வைங்கன்னு எத்தனை தடவ சொல்றது?"

மறுபடி கூவல். சூப்பர்வைசர் ஆளாளுக்குப் பையைக் காட்டச் சொன்னார். மறுநாளிலிருந்து எல்லோரும் போனை வாசலில் காவலாளியின் பெட்டியில் போட்டுவிட்டுத்தான் உள்ளே வர வேண்டும் என்று உத்தரவு. நாத்தனாருக்கு மட்டும் அன்றைக்கே விஷயம் தெரிந்துவிட்டது. மூன்றாவது வரிசை, மேல் அடுக்கு. நாலு பெட்டைகளுக்கு நடுவில், தலை கூண்டின் கூரையில் இடிக்க, ஒருவன் கழுத்தை மடக்கி நின்றுகொண்டிருந்தான்.

வரிசை முனையில் தொங்கும் அட்டையைப் பார்த்தாள். பொரித்த தேதி, பிரித்த மேசை எண். மேசை எண் ஒன்று, கம்ப்யூட்டரின் மேசை. அண்ணி!

அன்று மாலை போன் வந்தது. "அண்ணி, உங்க பையன் எங்க வீட்டுலதான் இருக்கான். வீட்டோட மாப்பிள்ளை. சாப்பாட்டுக்குக் குறையில்ல, பொண்டாட்டிக்கும் குறையில்ல. தலை நிமிர்த்த மட்டும் இடமில்ல."

கம்ப்யூட்டர் இந்தத் தடவை சிரிக்கவில்லை. அவன் அகப்பட்டால் அங்கேயே கழுத்தைத் திருகிவிடுவார்கள். அட்டையைப் பார்த்தால் அடுத்த நாளே அவளுக்கு இடது பக்க வேலை.

ஆனால் கொட்டகைப் பெண்கள் சும்மா இல்லை. 'மாப்பிள்ளை' என்று பெயர் வைத்தாயிற்று. அவன் கூவினால் ஒருத்தி இருமுவாள், ஒருத்தி வண்டியை இடிப்பாள், ஒருத்தி சூப்பர்வைசரை ஏழாவது வரிசைக்கு அனுப்பிவைப்பாள். அத்தனை பேரும் தங்கள் போனில் சேவல் கூவலையே ரிங்டோனாக வைத்துக்கொண்டார்கள். நாள் முழுக்கக் காவலாளியின் பெட்டி கூவியது. அந்தக் கொட்டகையில் இவ்வளவு சிரிப்பு அதற்குமுன் கேட்டதில்லையாம். இதைச் சொல்லும்போது கம்ப்யூட்டரின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

கடைசியில், உள்ளே சேவல் இருக்கிறதோ என்று சந்தேகப்பட்டு சூப்பர்வைசர் தலைமை அலுவலகத்துக்கு எழுதினார். வெள்ளிக்கிழமை கால்நடை டாக்டர் வருகிறார், கூண்டு கூண்டாகப் பார்க்கப்போகிறார் என்று பதில் வந்தது.

5

இங்கே நான் முடிவுகளை எழுதிப் பார்த்தேன்.

சோக முடிவு: டாக்டர் கண்டுபிடிக்கிறார். (கம்ப்யூட்டர் இதைக் கேட்கவே மறுத்துவிட்டாள். "அந்த முடிவுதான் தினமும் நாலாயிரம் தடவ நடக்குதே, அதுக்கு எதுக்குக் கதை?")

வீர முடிவு: அவள் சாலையைத் தாண்டி ஓடி, அத்தனை கூண்டுகளையும் திறந்துவிடுகிறாள். இருபத்து நாலாயிரம் வெள்ளைக் கோழிகள் வயலெங்கும்

"எங்க ஓடும்? அதுங்க நடந்ததே கிடையாது, எழுத்தாளரம்மா. திறந்துவிட்டா அப்படியே நின்னு நம்ம மூஞ்சியத்தான் பாக்கும்."

அந்த வாக்கியத்தை முடிக்காமல் விட்டேன். நடந்தது இதுதான்.

வியாழக்கிழமை ஷிப்டு முடியும் நேரம். நாத்தனார் மாப்பிள்ளையை எடுத்து, காலி முட்டை அட்டைகளுக்கு நடுவே உட்காரவைத்து, மேலே இன்னும் நாலு அட்டையைக் கவிழ்த்து, வண்டியை வாசலுக்குத் தள்ளினாள். வெளியே பேருந்து நிறுத்தத்தில் கம்ப்யூட்டர் துணிப்பையோடு நின்றிருந்தாள். பையின் வாயைத் திறந்து திறந்து மூடியதாம் கை. எட்டாயிரம் குஞ்சுக்குத் தடுமாறாத கை.

சரியாகக் காவலாளிக்கு நேரே வரும்போது மாப்பிள்ளை கூவினான். உடையாமல், செருமாமல், முழுசாக, கணீரென்று.

நாத்தனாருக்கு உயிரே போய்விட்டது. காவலாளி நாளிதழிலிருந்து தலையைக்கூடத் தூக்கவில்லை.

"யாரும்மா அது, போனை எடுத்துத் தொலைங்க! ஒரு வாரமா என் காது போச்சு!"

வெள்ளிக்கிழமை டாக்டர் வந்தார், இருபத்து நாலாயிரத்தையும் பார்த்தார். சேவல் எதுவும் இல்லை, பணியாளர்களின் போன்தான் என்று அறிக்கை எழுதிவிட்டுப் போனார்.

6

மாப்பிள்ளையை மொட்டை மாடியில் விட்டபோது நானும் இருந்தேன். தட்டையான தரை அவனுக்குப் புதிது. ஒரு காலைத் தூக்கினான், எங்கே வைப்பது என்று தெரியாமல் அப்படியே நின்றான். அரை மணி நேரம் அப்படித்தான். என் வீட்டுக்காரர் மண்டியிட்டு, "வாடா, வாடா" என்று குழந்தையைக் கூப்பிடுவதுபோலக் கூப்பிட்டார். ஒரு அடி வைத்தான். இன்னொரு அடி. பிறகு என்ன நினைத்தானோ, மாடியின் இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு ஓடி, நிற்கத் தெரியாமல் துணி வாளிக்குள் விழுந்தான். நாங்கள் மூன்று பேரும் கைதட்டினோம். எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது. அதை மறைத்து இலக்கியமாக்க எனக்கு விருப்பமில்லை.

இப்போது விடிவதற்கு முன்னால் எங்களை எழுப்பிவிடுகிறான். கட்டுரை படித்துத் தூங்கிய மனிதர் முதல் ஆளாக எழுந்து மாடிக்குப் போகிறார்.

இந்த இடத்தில் கதையை முடித்துவிட்டேன். மாடிக்குப் போய் முழுவதையும் படித்துக் காட்டினேன். கம்ப்யூட்டர் சிரித்துக்கொண்டே கேட்டாள். மாப்பிள்ளை அவள் காலடியில் ஒரு பொத்தானைக் கொத்திக்கொண்டிருந்தான்.

"எல்லாம் சரியாத்தான் இருக்கு," என்றாள். பிறகு அவன் கழுத்தைத் தடவிக்கொண்டே, "இவன் குரல் நல்லா இருக்குல்ல?" என்றாள்.

"நல்லா இருக்கு."

"இப்பல்லாம் பெல்ட்டுல ஒருத்தன எடுத்தா, இவன் குரல் எப்படி இருக்கும்னு தோணுது. ஒவ்வொருத்தனுக்கும் தோணுது. மூணு செகண்டு எனக்குப் பத்த மாட்டேங்குது."

"அப்ப வேலைய விட்டுடேன்."

"விட்டுடலாம். வேற வேல கிடைக்கும். ஆனா என் நாற்காலில இன்னொருத்தி வந்து உக்காருவாளே. அவ சிரிக்காதவளா இருந்தா?"

நான் தாள்களை மடித்தேன். அவள் விடவில்லை. "நீங்கதானே எழுதுறீங்க? நாளைக்கு நான் போறேனா இல்லையா? எழுதிக் குடுங்க, அப்படியே செஞ்சுடுறேன்."

விளையாட்டுக்குச் சொல்கிறாளா என்று முகத்தைப் பார்த்தேன். இல்லை. எழுதத் தெரியாது என்று சொல்லிவிட்டு இறங்கி வந்துவிட்டேன். அதனால்தான் உங்களிடம் வந்திருக்கிறேன். என்னிடம் இருப்பது இவ்வளவுதான்: "மறுநாள் காலை ஆறு மணிக்கு அவள்"

மீதியை நீங்கள் எழுதிக் கொடுங்கள். நான் மாடிக்கு எடுத்துப்போய்ப் படித்துக் காட்டுகிறேன். பிடிக்காவிட்டால் முகத்துக்கு நேராகவே சொல்லிவிடுவாள், அதற்குத் தயாராக இருங்கள். பிடித்துவிட்டால் அப்படியே செய்துவிடுவாள், அதற்கும் தயாராக இருங்கள்.