மரணப் பதிவேட்டின் ஓரத்தில்

ஈர வெளிச்சம். மாதா கோவில் அலுவலக ஜன்னல் கம்பியில் துளிகள் தொங்கின. ஒன்று விழும். அந்த இடத்துக்கு இன்னொன்று வரும்.

ஆக்னெஸ் அந்தப் பக்கம் பார்க்கவில்லை. மழை அவளுக்கு ஆகாது. நாற்பத்தைந்து வருஷமாக ஆகாது.

அப்போது பதினொரு வயது. ஒரு சாயங்காலம் அப்பாவுக்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. "சாமியாரக் கூட்டிட்டு ஓடி வாட்டீ" என்றாள் அம்மா. ஆறு வருஷமாகக் கோவில் படி மிதிக்காத அப்பா. சாமியாரிடம் பாவங்களைச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் செய்யாமல் போய்விடக் கூடாதே.

ஓடினாள். மழை பிடித்தது. படகுக் கொட்டகையில் ஒதுங்கினாள். கடல்மேல் மழை நடந்து போனது. பார்த்தாள். பார்த்துக்கொண்டே நின்றாள்.

சாமியாரோடு வந்தபோது வீட்டில் ஒப்பாரி.

ஒதுங்கியதை யாரிடமும் சொல்லவில்லை. அப்பாவின் கடைசி நாளைப் பற்றி அம்மாவிடம் எதுவும் கேட்கவுமில்லை. கேட்டால் மழையைச் சொல்ல வேண்டிவரும்.

இப்போது அம்மாவும் இல்லை. கல்லறைக் கல்லில் இருவர் தேதியும் வெட்ட வேண்டும். அதற்குத்தான் வந்தாள்.

உபதேசியார் ஸ்தனிஸ்லாஸ் பதிவேட்டைத் திருப்பினார். "இந்தா இருக்காவ உங்கப்பா. சாமியார் கையெழுத்தப் பாருங்கக்கா, கோழி கிண்டுன மாதிரி. ஓரத்துல என்னவோ இங்கிலீஷு... ஷ்ரிவன். அப்படின்னா?"

"எனக்கென்ன தெரியும்? போன்ல பாருங்களேன்."

கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு வாசித்தார். "ஷ்ரைவ். பழைய வினைச்சொல்லாம், இப்ப யாரும் சொல்லுததில்ல. பாவசங்கீர்த்தனம் கேட்டு, பாவத்தத் தீத்துவிடுதது. லத்தீன்ல எழுதுததுன்னு ஒரு சொல் உண்டும்லா, அதுல இருந்து வந்ததாம்."

ஆக்னெஸ் பதிவேட்டின் மேல் குனிந்தாள்.

"கீழ இன்னும் இருக்கு. அன்னைக்குக் காலைல ஏழு மணி. உங்கப்பாவே சாமியாருக்கு ஆளனுப்புனாராம்."

காலை. அம்மா மீன் கூடையோடு சந்தைக்குப் போயிருப்பாள். இவள் குழாயடியில் நின்றிருப்பாள். அப்பா, தானே, ஆளனுப்பியிருக்கிறார்.

மழைக்கு வெகுநேரம் முன்பே.

கேட்டு, தீர்த்து, எழுதி வைத்தது. இவள் ஒவ்வொரு மழைக்கும் ஒடுங்கிய காலமெல்லாம், இந்த இரும்பு அலமாரிக்குள், காய்ந்த மையாக.

"நான் மழைக்கு ஒதுங்கிட்டேன், உபதேசியாரே."

சொல்லியேவிட்டாள். கொட்டகை, கடல், எல்லாம்.

அவர் பதிவேட்டை மூடினார். "பதினோரு வயசுப் பிள்ளை மழைக்கு ஒதுங்காம? நீங்க என்ன திமிங்கலமாக்கா?"

சிரிப்பு வந்தது. எங்கிருந்தோ வந்தது. அதன் பின்னாலேயே பசி.

எதிரே இருந்த டீக்கடையில் வாழைக்காய் பஜ்ஜி இரண்டு. நல்ல சூடு. நாக்கு வெந்தது. மூன்றாவதும் வாங்கினாள்.