நகம் வெளுக்காத கை

லியோ பாசிக்குக்கு ஊர்க்காரர்கள் கார் கொடுத்த ஞாயிற்றுக்கிழமை அது. அமெரிக்கக் கால்பந்து ஆட்டம் தொடங்குமுன் புது நீலக் காரை மைதானத்துக்குள்ளேயே ஓட்டிவந்து நிறுத்தினார்கள். உருக்காலை ஊரிலிருந்து பஸ் பஸ்ஸாக வந்திறங்கிய கூட்டம் தொண்டை கிழியக் கத்தியது. லியோ சாவியைத் தூக்கிக் காட்டிச் சிரித்தான். பல் அத்தனையும் தெரிந்தது.

ஆண்ட்ரோ ஹுதாக்குக்கு முன்பல்லே கிடையாது. எல்லாம் லியோவுக்காகப் போனவை. இரண்டு பேரும் ஒரே தெரு, ஒரே பள்ளிக்கூடம், ஒரே வருஷம் இந்த அணிக்கு வந்தவர்கள். லியோ பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறவன். ஆண்ட்ரோ முன்வரிசையில் குனிந்து நின்று, எதிரே வருகிறவனை முட்டித் தள்ளி அவனுக்கு வழி செய்கிறவன். வழி செய்தவன் பெயரை ஒலிபெருக்கி சொல்லாது. பத்திரிகைக்காரன் எழுதமாட்டான். பிளேடு விளம்பரத்தில் கன்னத்தைத் தடவிக்கொண்டு நிற்பதும் லியோதான்.

அதெல்லாம்கூடப் போகட்டும். தடுப்புக்கு அந்தப் பக்கம் அப்பா நின்றிருந்தார், கோட்டில் லியோவின் முகம் போட்ட வில்லையைக் குத்திக்கொண்டு.

"அப்பா, பஸ்ல நல்லா வந்தீங்களா?"

"நகருடா, மறைக்குது." மிக்கால் கிழவர் மகனின் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தார். "லியோ கார்ல ஏறப்போறான்."

ஆண்ட்ரோ நகர்ந்துகொண்டான்.

ஆட்டத்தில் அன்று அவனுக்கு எதிரே நின்ற எதிரணிக்காரன் டொலிவர், எருமை மாதிரி ஆள், வாயும் பெரிசு.

"என்னய்யா ஹுதாக், உனக்குக் கார் இல்லையா? சைக்கிளாவது குடுத்தானுங்களா?"

"மூடுடா."

"பெல்லாவது கேட்டு வாங்குய்யா. முன்னாடி ஓடுறப்ப அடிச்சுக்கிட்டே போகலாம்."

முன்வரிசைக்காரன் ஒரு கையைத் தரையில் ஊன்றித்தான் நிற்பான். நேராகப் பாயப்போகிறவனின் பாரம் விரலில் இறங்கும், நகம் வெளுக்கும். இடத்தை விட்டு விலகி, பக்கவாட்டில் லியோவுக்கு முன்னால் ஓடப்போகிறவன் விரலில் பாரம் வைக்கமாட்டான், நகம் சிவந்தே இருக்கும். எதிரணிக்காரன் நகத்தைப் பார்த்தே அடுத்த நகர்வைப் படித்துவிடுவான். அதனால் எந்த நகர்வானாலும் ஒரே மாதிரி அழுத்தி ஊன்ற வேண்டும். பள்ளிக்கூட நாளிலிருந்து ஆண்ட்ரோ ஒரு முறைகூடத் தவறியதில்லை.

இரண்டாம் பாதியில் லியோவைப் பக்கவாட்டில் ஓடவிடும் நகர்வைச் சொன்னார்கள். ஆண்ட்ரோ குனிந்தான். விரலைப் பூ மேல் வைக்கிற மாதிரி வைத்தான். நகம் சிவப்பாகவே இருந்தது. டொலிவர் கண் கீழே போய் மேலே வந்தது. அவன் முகத்தில் சிரிப்பு பரவியது.

ஆண்ட்ரோ விலகி ஓடியதும் அவன் விட்டுப்போன சந்தில் டொலிவர் புகுந்தான். லியோ நாலடி எடுத்து வைக்குமுன் மண்ணைக் கவ்வினான். கூட்டம் அடங்கிப்போனது. ஆண்ட்ரோ தடுப்புப் பக்கம் திரும்பி அப்பாவின் முகத்தைப் பார்த்தான்.

எழுந்து வந்த லியோ முகத்துச் சேற்றைத் துடைத்தான். "என் தப்புடா மச்சான். கொஞ்சம் லேட்டாக் கிளம்பிட்டேன்."

பழியைக்கூட இவனே எடுத்துக்கொள்கிறான்! அதைக்கூட எனக்கு விட்டுவைக்க மாட்டானா?

மறுபடி அதே நகர்வு. மறுபடி அதே விரல். அவன் நினைத்தது இவ்வளவுதான்: ஊர் பார்க்க, அப்பா பார்க்க, இவன் இன்னொரு தடவை மண்ணில் விழ வேண்டும். லியோவின் முழங்காலை அவன் நினைக்கவில்லை. பச்சைக் கிளை முறிகிற மாதிரி ஒரு சத்தம் முதுகுக்குப் பின்னால் கேட்டது. திரும்பினான். லியோவின் கால், இருக்கவேண்டிய பக்கத்தில் இல்லை.

ஸ்ட்ரெச்சரில் தூக்கும்போது லியோ அவன் கையைப் பிடித்தான். "நீ சரியாத்தான்டா ஓடின. அந்த எருமைக்கு எப்படியோ தெரிஞ்சு போச்சு."

மைதானமே எழுந்து நின்றது. அப்பா தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்து அழுதார். பாட்டி செத்த அன்றுகூட அவர் அழுது ஆண்ட்ரோ பார்த்ததில்லை.

லியோ அதற்குப் பிறகு ஆடவில்லை. லியோ இல்லாத அணிக்குப் பக்கவாட்டு ஓட்டம் தேவைப்படவில்லை. அதற்கென்றே வைத்திருந்த ஆண்ட்ரோவும் தேவைப்படவில்லை. அடுத்த கோடையில் பயிற்சியாளர் கூப்பிட்டு, மூட்டையைக் கட்டச் சொல்லிவிட்டார். அப்பா வேலை பார்த்த உலைக்கூடத்திலேயே மண்வெட்டி பிடித்தான்.

ஆலை வாசலுக்கு எதிரே லியோ மதுக்கடை திறந்தான். ஷிப்ட் முடிந்தால் ஊரே அங்கேதான். கோப்பைகளை ஏந்தி, காலை இழுத்து இழுத்து அவன் வருவான். நடக்கிற வழியெல்லாம் ஆட்கள் எழுந்து நகர்ந்து இடம் விடுவார்கள். ஓடும்போது இவனுக்கு வழி செய்ய ஆண்ட்ரோ ஒருவன்தான் இருந்தான். நொண்டும்போது ஊரே வழி செய்கிறது. உலைச் சூட்டில் வெந்த தன் முன்கையை ஆண்ட்ரோ பார்த்துக்கொண்டான். அதைப் பற்றி வீட்டில் யாரும் கேட்டதில்லை. அந்த நொண்டல் எனக்கு வந்திருக்கக் கூடாதா?

"உட்காருப்பா, நீ ஏன் தூக்குற," என்று அப்பா எழுந்து லியோவின் தோளைத் தாங்கி ஸ்டூலில் உட்காரவைத்தார்.

"நல்லாத்தான் இருக்கேன் மாமா." லியோ ஆண்ட்ரோவைக் காட்டினான். "இவன மாதிரி முன்னாடி ஓட ஒருத்தன் இல்ல. நீங்கதான் வந்திருந்தீங்களே, அந்தக் கடைசி ஆட்டத்துக்கு."

"வந்தேன், வந்தேன்." கிழவர் மீசை நுரையைத் துடைத்துக்கொண்டு மகன் பக்கம் திரும்பினார். உண்மையிலேயே தெரியாமல்தான் கேட்டார். "ஆமா, அன்னிக்கு நீ எங்கடா நின்ன? நான் உன்னைப் பாக்கவே இல்லையே."

ஆண்ட்ரோ கோப்பையை வைத்தான். மரப்பலகை மேல் ஊன்றிய விரல்களில் நகம் வெள்ளையாக வெளுத்திருந்தது.

"லியோவுக்கு முன்னாலதான்பா," என்றான்.